கிழமை இல்லாத நாள்

சிவகாசியில் தினசரி காலண்டர் அச்சிடும் ஓர் அச்சகத்தில் இருபத்திரண்டு வருஷமாக மெய்ப்புப் பார்க்கிறேன். வருஷத்துக்கு 365 தாள். ஒவ்வொன்றிலும் தேதி, கிழமை, திதி, நட்சத்திரம், நல்ல நேரம், ராகு காலம், எமகண்டம். சேர்ந்த புதிதில் ஒருமுறை, புதனுக்கு அடுத்த தாளில் வெள்ளி என்று ஏறியிருந்ததைக் கவனிக்காமல் விட்டுவிட்டேன். பிளேட் போடும் முன் மூத்த ஃபோர்மேன் ஒருவர் பிடித்தார். திட்டவில்லை. "தாயி, திதி தப்பினா ஐயர் ஒருத்தர்தான் வருவாரு. கிழமை தப்பினா ஊரே வரும்" என்றார்.

போன வருஷம் மகள் வைத்திருந்த 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' புத்தகத்தின் பின்னிணைப்பில் அதை எழுதிய டோல்கியன் உண்டாக்கிய காலண்டரைப் பார்த்தபோது அந்தச் சொல்தான் காதில் விழுந்தது. ஷையர் என்ற கற்பனை நாட்டில் வாழும் ஹாபிட்கள் என்ற மக்களுக்குப் பன்னிரண்டு மாதம், எல்லாமே முப்பது நாள். மிச்சம் ஐந்து நாள் எந்த மாதத்திலும் சேராது. குளிர்காலத்தில் இரண்டு, கோடையின் நடுவில் மூன்று. வருஷா வருஷம் கிழமை நகர்ந்துகொண்டே போவது அவர்களுக்குத் தொல்லையாக இருந்தது. அதனால் வருஷத்தின் நட்டநடு நாளுக்குக் கிழமையே வேண்டாம் என்று வைத்துக்கொண்டார்கள். லீப் வருஷத்தில் கூடுதலாக வரும் நாளுக்கும் அப்படியே. மிச்சம் 364 நாள், சரியாக 52 வாரம். ஒரு தேதிக்கு என்றைக்கும் ஒரே கிழமை. அங்கே எந்த மாதமும் வெள்ளியில் பிறக்காது. நடக்கவே நடக்காததை 'வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி' என்று சொல்வார்களாம்.

அந்த நடு நாளின் தாளை மனதுக்குள் அச்சடித்துப் பார்த்தேன். ராகு காலத்துக்கு எதிரே என்ன போடுவது? திங்கள் ஏழரை முதல் ஒன்பது, செவ்வாய் மூன்று முதல் நாலரை என்று அது கிழமையைப் பிடித்துத்தானே நிற்கிறது. கட்டம் காலியாகத்தான் இருக்கும். கெட்ட நேரமே இல்லாத ஒரு நாள்! முதலில் சந்தோஷமாகத்தான் இருந்தது. பிறகு பள்ளிக்கூட இலக்கணம் நினைவுக்கு வந்தது. ஆறாம் வேற்றுமையின் பொருள் கிழமை என்று படித்தோமே, அந்தக் கிழமைக்கு உரிமை என்று அர்த்தம். சனிக்கு உரிய நாள் சனிக்கிழமை. அப்படியானால் கிழமை இல்லாத நாள் யாருக்கும் உரியதில்லை. ஒரு நாளை அப்படி ஆக்க மனிதருக்கு அதிகாரம் உண்டா?

இது கதைக்குள் மட்டும் எழுந்த கேள்வி இல்லை. 1930இல் எலிசபெத் அகெலிஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி உலக காலண்டருக்காகச் சங்கம் தொடங்கினார். வருஷக் கடைசியில் கிழமை இல்லாத ஒரு நாள். அதே கணக்கு, அதே 364. காலண்டரை மாற்றுவது பற்றி 1931இல் ஜெனீவாவில் நடந்த மாநாட்டில் பிரிட்டிஷ் யூதர்களின் தலைமை ரபி ஜோசப் ஹெர்ட்ஸ் முன்னின்று எதிர்த்தார். ஆறு நாள் உழைத்து ஏழாம் நாள் ஓய்வது அவர்களுக்கு இறைவன் இட்ட கட்டளை. நடுவில் ஒரு நாளை எண்ணாமல் விட்டால், ஊர் சனி என்று சொல்லும் நாள் அந்த ஏழாம் நாளாக இருக்காது. 1953இல் இதே திட்டத்தை ஐ.நா.வுக்குக் கொண்டுபோனது நம் இந்திய அரசு. விஞ்ஞானி மேகநாத் சாஹா அதை மனதார ஆதரித்தார். 1955இல் அமெரிக்கா மறுத்துவிட்டது. டோல்கியனின் பின்னிணைப்பு அச்சில் வந்ததும் அதே 1955.

சாஹா பக்கம் நியாயம் இல்லாமல் இல்லை. நாளுக்குச் சூரியன் சாட்சி, மாதத்துக்கு நிலா சாட்சி. வாரத்துக்கு வானத்தில் எந்தச் சாட்சியும் கிடையாது. மனிதர் வைத்ததை மனிதர் மாற்றலாம் என்பது ஒரு வாதம். எனக்கு அங்கேயே மனம் எதிர்ப்பக்கம் திரும்புகிறது. திதியை நான் தவறவிட்டால் நிலா காட்டிக்கொடுத்துவிடும். கிழமையை எல்லோரும் ஒன்றாகத் தவறவிட்டால் திருத்த ஒருவரும் இல்லை. நேற்று என்ன கிழமை என்று ஒருவர் மற்றவருக்குச் சொல்லிச் சொல்லியே இது நம் கைக்கு வந்திருக்கிறது. 1582இல் போப் கிரகோரி பத்துத் தேதிகளை எடுத்தார்: அக்டோபர் 4 வியாழன், மறுநாள் அக்டோபர் 15 வெள்ளி. தேதியில் கை வைத்தவர் கிழமையைத் தொடவில்லை.

டோல்கியன் ஆழ்ந்த கத்தோலிக்கர். கதையின் மையமான மோதிரம் அழிவது மார்ச் 25, மரியாளுக்குத் தேவதூதர் செய்தி சொன்ன நாளாகத் திருச்சபை கொண்டாடும் நாள். அப்படிப்பட்டவர் ஒரு நாளை உரியவர் இல்லாமல் விட்டாரே என்று பல இரவு யோசித்திருக்கிறேன். ஹாபிட்களுக்கு எந்தக் கடவுளும் ஏழாம் நாளைக் கொடுத்து, இதைக் காத்து வை என்று சொல்லவில்லை. வாக்குக் கொடுக்காதவர்களுக்கு மீறல் ஏது? அங்கே அந்த நாள் வெறும் விருந்து. அங்கே அது எனக்கும் பிடித்திருக்கிறது. இங்கே வேண்டாம்.

அம்மாவுக்கு எண்பத்து நாலு. இது எந்த வருஷம் என்பது மறந்துவிட்டது. சில காலைகளில் என் பேரும். ஆனால் வெள்ளி மட்டும் மறக்காது. போன வாரம் எழுந்ததும், "இன்னைக்கு வெள்ளிதானே, வாசல்ல பெருசா கோலம் போடு" என்றார்.

"இல்லம்மா, வியாழன்" என்றேன்.

"அப்ப நாளைக்கு" என்று சொல்லிவிட்டுத் தலையணையில் சாய்ந்துகொண்டார்.