முன்னோரின் கதையை எப்படிச் சொல்வது?



நம் கொம்புத்துறையின் பாதுகாவலர் புனித முடியப்பர் மீது சுமத்தப்பட்ட குற்றங்கள் இரண்டு. எருசலேம் கோவிலுக்கு எதிராகப் பேசினார் என்பது ஒன்று, மோசேயின் சட்டத்துக்கு எதிராகப் பேசினார் என்பது மற்றொன்று. இதெல்லாம் உண்மைதானா என்று தலைமைக் குரு கேட்டார். உண்டு, இல்லை என்று ஒரு சொல்லில் முடித்திருக்கலாம். அவரோ ஆபிரகாமிலிருந்து கதை சொல்லத் தொடங்கினார். திருத்தூதர் பணிகள் நூலில் வரும் உரைகளிலேயே நீளமானது அதுதான். ஏழாம் அதிகாரத்தில் 52 வசனங்கள். சாவு எதிரே நிற்கிறது, அப்போதும் தமக்காக வாதாடாமல் தம் மக்களின் பழைய கதையைச் சொல்கிறார் ஒரு மனிதர்.

அவர் எந்தெந்த இடங்களில் நின்று நின்று சொல்கிறார் என்று பாருங்கள். ஆபிரகாமுக்குக் கடவுள் தோன்றியது எருசலேமில் அல்ல, தொலைவில், மெசப்பொத்தாமியாவில். வாக்களித்த நாட்டிலோ அவருக்குக் காலடி வைக்கும் அளவு நிலம்கூடக் கிடைக்கவில்லை. யோசேப்பைக் கூடப் பிறந்தவர்களே விற்றார்கள். விற்கப்பட்டுப் போன எகிப்தில் கடவுள் அவரோடு இருந்தார். மோசே ஊரைவிட்டு ஓடி அயலானாய் வாழ்ந்த பாலைநிலத்தில், ஒரு முட்புதரின் முன்னால், நிற்கும் இடம் புனிதமானது என்ற குரலைக் கேட்கிறார். சாலமோன் கோவில் கட்டிய செய்திக்கு முடியப்பர் ஒதுக்குவது ஒரே ஒரு வசனம்! கோவில் வேண்டாம் என்று அவர் சொல்லவில்லை. வானத்தையும் மண்ணையும் படைத்தவரைச் சுவருக்குள் வைத்துப் பூட்டிவிட்டோம் என்று நினைக்காதீர்கள் என்கிறார். மீட்பு வரலாறு என்று நாம் சொல்வது பெரும்பாலும் அந்நிய மண்ணில் நடந்த வரலாறு.

இன்னொன்றும் அந்த உரையில் ஓடுகிறது. கடவுள் அனுப்பியவரைச் சொந்த மக்களே தள்ளுகிறார்கள். தள்ளப்பட்டவரையே கடவுள் திரும்ப அனுப்புகிறார், அவர் வழியாகவே காப்பாற்றுகிறார். முதல் முறை எகிப்துக்குப் போன சகோதரர்கள் யோசேப்பை அடையாளம் காணவில்லை, இரண்டாம் முறைதான் தெரிந்துகொண்டார்கள். உன்னை நடுவராக நியமித்தது யார் என்று கேட்டு விரட்டப்பட்ட மோசேதான் நாற்பது ஆண்டுக்குப் பிறகு விடுதலைத் தலைவராய் வந்தார். இப்படிச் சொல்லிக்கொண்டே வந்து, சிலுவையில் அறையப்பட்டவரில் அந்தக் கதையை முடியப்பர் முடிக்கிறார்.

கடலுக்குப் போகிறவர்களுக்கு இதைப் புரியவைக்க நான் அதிகம் பேச வேண்டியதில்லை. நடுக்கடலில் ஓர் இடத்தை எப்படி அறிகிறீர்கள்? திருச்செந்தூர்க் கோபுரம் மட்டும் தெரிந்தால் போதாது. அதையும் கரையில் இன்னோர் அடையாளத்தையும் சேர்த்துப் பார்க்கும்போதுதான் வள்ளம் நிற்கும் இடம் தெரிகிறது. மறைநூலை அப்படித்தான் திருச்சபை வாசித்து வந்திருக்கிறது. பழைய ஏற்பாடு தனியே நின்றால் யோசேப்பு ஒரு குடும்பக் கதை. புதிய ஏற்பாடு தனியே நின்றால் இயேசு எங்கிருந்தோ திடீரென்று வந்தவர். இரண்டையும் ஒருசேரப் பார்க்கும்போதுதான் நாம் நிற்கும் இடம் தெரிகிறது. எம்மாவு வழியில் உயிர்த்த ஆண்டவர் இரண்டு சீடருக்குச் செய்தது இதைத்தான். மோசே முதல் இறைவாக்கினர் எல்லாரையும் எடுத்து, தம் சாவோடு சேர்த்துப் படிக்கக் கற்றுக்கொடுத்தார்.

மறைக்கல்வி வகுப்பில் சில இளைஞர்கள் நல்ல கேள்வி கேட்பார்கள். முடியப்பர் சொல்லும் கணக்கு இடிக்கிறதே, சாமி? எகிப்துக்குப் போன யாக்கோபின் குடும்பத்தார் 75 பேர் என்கிறார், எபிரேயத் தொடக்க நூலில் 70 பேர். செக்கேமில் கல்லறை நிலத்தை வாங்கியவர் ஆபிரகாம் என்கிறார், அங்கே நிலம் வாங்கியது யாக்கோபு அல்லவா? உண்மைதான். 75 என்பது அன்றைய கிரேக்க மொழி விவிலியத்தில் உள்ள எண். செக்கேம் செய்தியில் இரண்டு நிகழ்ச்சிகள் ஒன்றாய்க் கலந்திருக்கின்றன. இதைக் கண்டு நம்பிக்கை ஆட வேண்டியதில்லை, மழுப்பி மறைக்கவும் வேண்டாம். இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965 நவம்பர் 18 அன்று வெளியிட்ட இறைவெளிப்பாடு பற்றிய ஏடு இதற்கு வழி சொல்கிறது. நம் மீட்புக்காகக் கடவுள் சொல்ல விரும்பிய உண்மையைத்தான் மறைநூல் தவறாமல் கற்பிக்கிறது என்றும், எழுதியவர் எந்த இலக்கிய வகையில், எந்தச் சூழலில் எழுதினார் என்று தேடிப் பார்க்க வேண்டும் என்றும் கூறுகிறது. கேட்கிற பிள்ளைகளின் வாயை அடைக்காதீர்கள்.

இப்போது நம் ஊருக்கு வருவோம். 1542 அக்டோபர் 28 அன்று தூத்துக்குடியிலிருந்து புனித இஞ்ஞாசியாருக்குச் சவேரியார் எழுதிய மடலில் ஒரு செய்தி இருக்கிறது. கிறிஸ்தவர் யாரும் இல்லாத ஓர் ஊர். அங்கே ஒரு பெண் மூன்று நாளாய்ப் பிரசவ வேதனையில் துடிக்கிறார், பிழைக்க மாட்டார் என்று எல்லாரும் கைவிட்டார்கள். மடலில் ஊரின் பெயர் இல்லை. அது நம் கொம்புத்துறைதான் என்று நம் மரபு சொல்லி வருகிறது. சவேரியார் அந்த வீட்டுக்குள் போகிறார். வேற்று நாட்டில் இருக்கிறோம் என்பதே மறந்துபோயிற்றாம். மண்ணுலகு முழுவதும் ஆண்டவருடையது என்னும் திருப்பாடல் நினைவு மட்டுமே இருந்ததாக எழுதுகிறார். முடியப்பரின் உரையைப் படித்துவிட்டு இதைப் படியுங்கள், இரண்டுக்கும் உள்ளே இருக்கும் நம்பிக்கை ஒன்றுதான்.

அவர் மருந்து கொண்டு போகவில்லை. நம்பிக்கை அறிக்கையைத் தொடக்கத்திலிருந்து சொன்னார். படைத்த தந்தை, கன்னி மரியாவிடம் பிறந்த மகன், பாடுகள், அடக்கம், உயிர்ப்பு. அவர் சொல்லச் சொல்ல, உடன் வந்த குருமாணவர் ஒருவர் நம் மொழியில் எடுத்துச் சொன்னார். அந்தத் தம்பி நம் கரையோரத்தைச் சேர்ந்தவர். மீட்பு வரலாறு அந்தத் தாயின் காதில் விழுந்தது ஒரு தமிழன் வாயிலிருந்துதான். அவர் பெயரை நாம் சொல்வதேயில்லை. அந்தத் தாய் நம்பினார், திருமுழுக்குப் பெற்றார், பிள்ளையும் பிறந்தது. கணவர், மற்றப் பிள்ளைகள், அன்று பிறந்த சிசு எல்லாரும் திருமுழுக்குப் பெற்றார்கள். ஊர்ப் பெரியவர்களோ அரசரின் அனுமதி இல்லாமல் மாட்டோம் என்றார்கள். வரி வாங்க வந்திருந்த அரசு அதிகாரி அதைத் தடுக்கவில்லை. தாம் சேரவில்லை, சேர விரும்பியவர்களைப் போகவிட்டார். அவரும் நம் கதையில் இருக்கிறார்.

அதற்கு முந்தியதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1530களில் முத்துக்குளிப்பை ஒட்டிப் பரதவருக்கும் கடற்கரை முஸ்லிம் வணிகருக்கும் மோதல் முற்றியது. குதிரை வணிகராயிருந்து கிறிஸ்தவரான ஜோவான் த குரூஸ் வழிகாட்ட, நம் முன்னோர் கொச்சிக்குப் போய்ப் போர்த்துக்கீசியரின் பாதுகாப்பைக் கேட்டார்கள். 1536-ஐ ஒட்டி மிகேல் வாஸ் அடிகளும் உடன் வந்த குருக்களும் கரையோரத்தின் பல ஊர்களில் திருமுழுக்குக் கொடுத்தார்கள். அச்சம் இருந்தது, பகை இருந்தது, முத்து வருமானம் இருந்தது. சவேரியார் வந்து என்ன நம்புகிறீர்கள் என்று கேட்டபோது, கிறிஸ்தவர்கள் என்பதற்கு மேல் அவர்களுக்குச் சொல்லத் தெரியவில்லை. காப்பாற்ற வந்தவர்களும் சுரண்டினார்கள். போர்த்துக்கீசிய அதிகாரிகளின் கொடுமையைக் கண்டு சவேரியாரே 1544 மடல்களில் கொதித்திருக்கிறார்.

இதையெல்லாம் சொன்னால் நம் விசுவாசத்தின் மதிப்புக் குறைந்துவிடுமா? விவிலியத்தைப் பாருங்கள். தம்பியை விற்ற பாவத்தை இஸ்ரயேலர் தம் கதையிலிருந்து வெட்டி எறியவில்லை. பொன் கன்றுக்குட்டியை மறைக்கவில்லை. முடியப்பர் அதை அவையிலேயே எடுத்துச் சொன்னார். தம் முன்னோரின் குற்றத்தையும் சேர்த்துச் சொல்லும் மக்களின் வாயில்தான் கடவுளின் இரக்கம் கதையாகிறது. நம் முன்னோர் பயந்து கேட்டது ஒரு பாதுகாப்பு. கடவுள் அவர்களுக்குக் கொடுத்தது தம் மகனை.

ஆனால் ஒன்றில் கவனம் வேண்டும். அந்தப் பழைய பகையைச் சொல்லிச் சொல்லி வளர்ப்பது மீட்பு வரலாறு ஆகாது. நம் துறை இருப்பதே காயல்பட்டினத்தில், நம்மைச் சூழ வாழ்பவர்கள் முஸ்லிம் சகோதரர்கள். முடியப்பரின் கடைசிக் கடுஞ்சொற்களை எடுத்துக்கொண்டு யூத மக்களை வெறுத்த கிறிஸ்தவர்கள் பலர் இருந்தார்கள். அவரும் யூதர், தம் சொந்தச் சகோதரரிடம் இறைவாக்கினர் முறையில் பேசினார் என்பதை அவர்கள் மறந்தார்கள். கல்லெறிந்தவர்களை மன்னிக்கும்படி மன்றாடி அவர் உயிர்விட்டதையும் மறந்தார்கள். 1965 அக்டோபர் 28 அன்று அதே வத்திக்கான் சங்கம் இந்தத் தவற்றைக் களைய யூதரைக் குறித்துப் பேசியது. முஸ்லிம்களோடு இருந்த பகைமைகளை மறந்து, ஒருவரையொருவர் புரிந்துகொள்ள உண்மையாய் முயலும்படியும் நம்மை வேண்டியது. வீட்டில் பிள்ளைகளுக்கு 1536-இன் கதையைச் சொல்லும் தாய்மாரே, தந்தையரே, பக்கத்து வீட்டாரின் பிள்ளையும் அங்கே உட்கார்ந்திருந்தால் எப்படிச் சொல்வீர்களோ அப்படிச் சொல்லுங்கள்.

டிசம்பர் 26 என்றால் முடியப்பரின் விழாவோடு 2004-ஆம் ஆண்டின் ஆழிப்பேரலையும் நினைவுக்கு வருகிறது. அந்த ஞாயிறு காலை தமிழ்நாட்டில் ஏறக்குறைய 8,000 பேர் கடலலையில் மாண்டார்கள். வேளாங்கண்ணிக்கு வேண்டுதலோடு வந்தவர்களும் அவர்களில் உண்டு. இலங்கைத் தீவு பெருமளவு மறைத்து நின்றதால் நம் பகுதியில் சேதம் குறைவு. நம்மைக் கடவுள் காப்பாற்றினார் என்று பலர் சாட்சி சொன்னோம். நன்றி சொல்வது சரி. ஆனால் நம்மை மறைத்த அந்தத் தீவில் 30,000-க்கும் மேற்பட்டோர் இறந்தார்களே, முல்லைத்தீவில் பிள்ளையைத் தேடிய தாயிடம் அந்தச் சாட்சியைச் சொல்ல முடியுமா? சிலோவாம் கோபுரம் இடிந்து இறந்த பதினெட்டுப் பேர் மற்றவரைவிடப் பாவிகள் என்று நினைக்கிறீர்களா என்று கேட்டவர் நம் ஆண்டவர். நடக்கும் ஒவ்வொன்றுக்கும் இது பரிசு, இது தண்டனை என்று பெயர் வைக்கும் அதிகாரத்தை மீட்பு வரலாறு நமக்குத் தரவில்லை. முடியப்பருக்குத் தப்பிக்கும் வழி திறக்கவில்லை. வானம் திறந்தது, மானிட மகன் தந்தையின் வலப்பக்கம் நிற்பதைக் கண்டார், கற்கள் விழுந்துகொண்டுதான் இருந்தன. உடைகளைக் காத்துக்கொண்டு நின்ற சவுல் அன்று எதையும் உணர்ந்ததாக லூக்கா எழுதவில்லை. அந்தச் சாவின் பொருள் பின்னால், தமஸ்கு வழியில் தெரியத் தொடங்கியது.

நம் கோவிலின் பாதுகாவலர் பெருவிழா என்பதால் இன்று நம்பிக்கை அறிக்கை சொல்கிறோம். அதில் கடவுளைத் தவிர இரண்டு மனிதரின் பெயர்கள்தான் வருகின்றன: பெற்ற ஒரு தாய், கொலைக்குத் தீர்ப்பிட்ட ஓர் ஆளுநர். மரியாவுக்கு அங்கே இடம் இருப்பது எல்லாருக்கும் புரியும். பிலாத்து எதற்கு? இந்த மீட்பு, நாள் குறித்த ஓர் ஆட்சியில், வரியும் அச்சமும் அநீதியும் நிறைந்த இதே உலகில் நடந்தது என்று சொல்வதற்கு. பிரசவ வேதனையில் கிடந்த நம் ஊர்ப் பெண்ணுக்கும் அந்தப் பெயரை விடாமல்தான் சவேரியார் சொல்லியிருப்பார். எழுந்து நிற்போம், சேர்ந்து சொல்வோம்.