பித்தன் என்றது ஊர்



கொல்லம் 1008 மாசி 20-இல் திருச்செந்தூர்க் கடலிலிருந்து வந்த அய்யா, பூவண்டன்தோப்பிலே ஆறாண்டு தவமிருந்தார். முதல் இரண்டாண்டு குழிக்குள்ளே இருந்தவரைப் பித்தன் என்றார்கள். பிறகு முத்திரிக் கிணற்றடியில் சாதி பாராமல் கூடி நின்றதும் அந்த மக்கள்தானே!

உங்கள் ஊர்த் தாங்கலுக்கும் ஒருவர் வருவார். தனக்குத்தானே பேசுவார், சிரிப்பார். யாரும் சொல்லாமலே முற்றம் பெருக்குவார். பிள்ளைகள் கேலி பேச, பெரியவர்கள் பார்த்திருப்போம். இனிமத்துக்குக் கை நீட்டினால், “கடைசியில் வா” என்போம்.

மக்களே, பள்ளியறைக் கண்ணாடியில் அவர் முகமும் தெரிகிறது. உம்முள்ளே இருக்கிற அய்யா அவருள்ளே இல்லையா? வரும் ஞாயிறு பணிவிடையில் அவருக்கும் நாமமிட்டு, பந்தியில் உம் பக்கத்திலே இருத்துங்கள்.

அய்யா உண்டு!