கூண்டைத் திறந்தவர்

எங்கள் ஊர் உடைமரங்களில் கள்ளிப்புறாவுக்குப் பஞ்சமில்லை. வெளிர்சாம்பல் உடம்பு, பிடரியில் கறுப்புக் கோடு. டெக்சாஸிலிருந்து மகள் அனுப்பிய படத்தில், அவள் வீட்டு வேலியிலும் அதே புறா. அந்த மண்ணின் புறாக்களை வேட்டையாடப் பருவமும் எண்ணிக்கை வரம்பும் உண்டு. இதைச் சுட இரண்டுமே கிடையாதாம். வேற்றூர்ப் பறவை என்பதுதான் காரணம்.

ஐரோப்பாவில் அது தானாகவே பரவியது. பால்கன் பகுதியில் இருந்த புறா 1930களில் வடமேற்கே கிளம்பி, 1955இல் இங்கிலாந்தின் நார்ஃபோக்கில் கூடு கட்டியது. அமெரிக்கக் கதை வேறு. 1974இல் பஹாமாஸின் நாசோ நகரில், ஒரு பறவை வியாபாரியின் இடத்தில் திருடர்கள் புகுந்தார்கள். சில புறாக்கள் தப்பின. மிச்சமிருந்த ஏறத்தாழ ஐம்பதை வியாபாரியே திறந்துவிட்டார். அந்த வம்சம் கடல் தாண்டி ஃபுளோரிடா சேர்ந்து, கண்டமெங்கும் பரவிவிட்டது.

இதில் வினை யாரைச் சேரும்? பாலி மொழியின் உபாலி சூத்திரம் இப்படியொரு வழக்கைப் பேசுகிறது. உடலால் செய்ததே கனத்த வினை என்பது அதில் சமணர் கட்சி; மனத்தால் செய்ததே என்பது புத்தர் கட்சி. புத்தர் கணக்கில் திருடனுக்குத் திருட்டு மட்டும்தான். புறா பரவியதில் அவனுக்குப் பங்கில்லை. வியாபாரி விஷயம்தான் சிக்கல். கூண்டைத் திறப்பதைப் புண்ணியம் என்று சொல்லித்தானே நம்மை வளர்த்தார்கள்? தாய்லாந்தில் கோயில் வாசலில் காசு கொடுத்துக் குருவி வாங்கிப் பறக்கவிடுகிறார்கள். (விடுவிப்பதற்கென்றே அவற்றைப் பிடித்து வருவது இன்னொரு வியாபாரம்.)

எண்ணம் நல்லதாக இருந்தால் போதும் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. திறந்த கதவுக்கு வெளியே எந்த ஊர் இருக்கிறது என்று பார்க்காத கருணை, பாதிக் கருணைதான். இந்த அளவில் நான் சமணர் பக்கம். புறா மீது மட்டும் எந்தக் கணக்கும் எழுத மாட்டேன். அது தின்றது, கூடு கட்டியது, பறந்தது, அவ்வளவுதான். அமெரிக்காவின் சொந்தப் புறாக்களை அது விரட்டியடித்தது என்பதற்கும் தெளிவான சான்று இல்லை.

புண்ணியத்துக்காகப் பறவை வாங்கி விட நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: முதலில் அது எந்த நாட்டுப் பறவை என்று கேளுங்கள். வெளிநாட்டுப் பறவையென்றால் வெளியே விடாதீர்கள். நம் நாட்டுக் கிளியோ முனியாவோ என்றால், அதை விற்பதே சட்டப்படி குற்றம். காசு கொடுக்காமல் வனத்துறைக்குச் சொல்லுங்கள்.