தகுதி யாருடைய சொத்து?

ஒவ்வோர் ஆண்டும் உயர்கல்விச் சேர்க்கையின் காலம் வரும்போது, நம் நாட்டின் இல்லங்களில் இருவகை உணர்வுகள் எழுகின்றன. ஓர் இல்லத்தில் இனிப்பு வழங்கப்படுகிறது; அடுத்த இல்லத்தில் மௌனம் நிலவுகிறது. 'என் பிள்ளை இரவு பகலாக உழைத்துப் பெற்ற மதிப்பெண் இது. அவனுக்குக் கிடைக்காத இடம், அவனைவிடக் குறைந்த மதிப்பெண் பெற்றவருக்கு எவ்வாறு கிடைக்கலாம்?' என்று பெற்றோர் கேட்கின்றனர். இக்கேள்வியைப் பொறாமை என்று ஒதுக்கிவிடுதல் முறையன்று. இது நீதியைப் பற்றிய கேள்வி. ஆனால் இதற்கு விடை காணுமுன் வேறொரு கேள்வியை நாம் எதிர்கொள்ள வேண்டும். தகுதி என்பது யாருடைய சொத்து?

ஆற்றுப் பாசனமுள்ள வயல் ஒன்றில் 40 மூட்டை விளைகிறது. வானத்தை மட்டுமே நம்பிய மானாவாரி நிலத்தில் 35 மூட்டை விளைகிறது. களத்துமேட்டில் நின்று மூட்டைகளை மட்டும் எண்ணுபவர் முதல் வயலையே புகழ்வார். உழவை அறிந்தவரோ, 'மழை பொய்த்த நிலத்தில் 35 மூட்டை தந்த விதை எது?' என்று விசாரிப்பார். மதிப்பெண்ணும் விளைச்சலைப் போன்றதே. அதில் மாணவனின் உழைப்பு உண்டு. அத்துடன் பெற்றோரின் கல்வி, வீட்டில் கிடைத்த தனியிடம், நல்ல ஆசிரியர், பசியற்ற வயிறு ஆகியவையும் உண்டு. உழைப்பு அவனுடையது, வாய்க்கால் அவன் வெட்டியதன்று.

வாய்க்கால் எட்டாத நிலங்கள்

ராஜஸ்தானத்துக் கோட்டா நகருக்கு நாடெங்கிலுமிருந்து மாணவர்கள் நுழைவுத் தேர்வுப் பயிற்சிக்காகச் செல்கின்றனர். பயிற்சிக் கட்டணமே ஆண்டுக்கு ஒரு லட்சம் ரூபாயைத் தாண்டுவதுண்டு. விடுதிச் செலவு தனி. அதே தேர்வை எழுதும் மற்றொருவர், பள்ளி முடிந்ததும் வயல் வேலைக்கோ கடை வேலைக்கோ சென்றுவிட்டு இரவில் படித்தவராக இருக்கலாம். தேர்வு அறையில் இருவருக்கும் ஒரே வினாத்தாள், ஒரே மணி நேரம். இது சமத்துவம்தான், ஆயினும் முழு நீதி ஆகிவிடாது.

மொழியும் ஒரு தடையாகிறது. பொறியியல் படிப்புக்கான ஜே.இ.இ. முதன்மைத் தேர்வு 2021 முதல் 13 மொழிகளில் நடத்தப்படுகிறது. ஆனால் ஐ.ஐ.டி.களுக்கு வழி திறக்கும் அடுத்த கட்டத் தேர்வு ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டுமே நடைபெறுகிறது. ஒடியா வழியிலோ தமிழ் வழியிலோ பயின்ற மாணவி, கணக்கோடு மொழியோடும் போராட வேண்டியிருக்கிறது.

மத்திய அரசின் 2021-22ஆம் ஆண்டு உயர்கல்விக் கணக்கெடுப்பின்படி, 18 முதல் 23 வயதினரில் உயர்கல்விச் சேர்க்கை விகிதம் 28.4 ஆகும். பட்டியல் சாதியினரிடையே அது 25.9, பழங்குடியினரிடையே 21.2. கல்லூரி வாயிலை எட்டியவர்களைப் பற்றியே நாம் வாதிடுகிறோம். வாயிலையே காணாதவர்கள் அந்த வாதத்தில் இடம்பெறுவதே இல்லை.

நம் மரபின் இரு முகங்கள்

சாந்தோக்கிய உபநிடதத்தில், தன் குலம் இன்னதென்று அறியாத சத்தியகாமன் அந்த உண்மையை அப்படியே கௌதமரிடம் சொல்கிறான். அவனுடைய வாய்மையையே தகுதியாகக் கொண்டு அவர் அவனை மாணவனாக ஏற்கிறார். மகாபாரதத்தில், துரோணரால் ஏற்கப்படாத ஏகலைவன் தானே பயின்று சிறந்த பின்னும் தன் கட்டைவிரலை இழக்கிறான். இரண்டும் நம் மரபில் உள்ளவையே. முதற்கதையைப் பெருமையோடு சொல்லும் நாம், இரண்டாவது கதையை மறந்துவிடலாகாது. கற்கும் ஆற்றல் இருந்தும் வாயில் மூடப்பட்டவர்களின் வரலாறு நம் நாட்டில் நீண்டது.

அவ்வரலாற்றைத் திருத்தும் முயற்சியே அரசியல் சாசனத்தின் ஏற்பாடு. 1951இல் முதலாவது திருத்தத்தின் மூலம் 15(4) என்னும் பிரிவு சேர்க்கப்பட்டது. மத்தியக் கல்வி நிறுவனங்களில் பிற்படுத்தப்பட்டோருக்கு 27 சதவீத இடம் வழங்கும் சட்டம் 2006இல் இயற்றப்பட்டு, 2008இல் உச்ச நீதிமன்றத்தால் ஏற்கப்பட்டது. பொதுப்பிரிவினருக்கு முன்பிருந்த இடங்கள் குறையாதவாறு மொத்த இடங்களைப் பெருக்க வேண்டும் என்றும் அச்சட்டம் விதித்தது. 2018 முதல் ஐ.ஐ.டி.களில் மாணவியருக்குக் கூடுதல் இடங்கள் உருவாக்கப்பட்டதும் இவ்வாறே. ஒருவர் இலையிலிருந்து எடுத்து மற்றவர் இலையில் இடுவது ஒரு வழி. பந்தியைப் பெரிதாக்குவது மேலான வழி.

இழந்தவரின் கேள்வி

இனி, இடம் கிடைக்காதவரின் துயரத்துக்கு வருவோம். முன்னேறியதாகக் கருதப்படும் சமூகத்தில் பிறந்தும் வறுமையில் வாடும் மாணவனுக்கு நாம் என்ன சொல்வது? 'உன் முன்னோர் செய்ததற்கு நீ பொறுப்பேற்றுக்கொள்' என்று சொல்வது கொடுமை. அவனுடைய வறுமையும் உண்மையே. 2019இல் பொருளாதாரத்தில் நலிந்தோருக்கு 10 சதவீத இடம் ஒதுக்கப்பட்டது. அதனை 2022இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. அதிலும் கருத்து வேறுபாடுகள் உண்டு. எந்த ஏற்பாடும் எல்லாக் கண்ணீரையும் துடைத்துவிடாது. ஆனால் அவனுக்கு ஒன்றைச் சொல்லலாம்: சலுகை வாயிலில் மட்டுமே, பட்டம் பெறுவதற்கான தேர்வு அனைவருக்கும் ஒன்றே.

சலுகையால் உயர்ந்த குடும்பங்களுக்கும் ஒரு கேள்வி உண்டு. தம் சமூகத்திலேயே இன்னும் வாய்க்கால் எட்டாதவர்களை அவர்கள் திரும்பிப் பார்க்கின்றனரா? பட்டியல் சாதியினருக்குள் உள் ஒதுக்கீடு செய்ய மாநிலங்களுக்கு அதிகாரம் உண்டு என்று 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பின் பின்னே இருப்பதும் இக்கேள்வியே.

சட்டம் முடியுமிடத்தில்

2024ஆம் ஆண்டு தன்பாத் ஐ.ஐ.டி.யில் இடம் பெற்ற எளிய குடும்பத்து மாணவர் ஒருவர், 17,500 ரூபாய்க் கட்டணத்தைக் குறித்த நேரத்துக்குள் செலுத்த இயலாமல் அந்த இடத்தை இழந்தார். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. தனக்குள்ள சிறப்பு அதிகாரத்தைப் பயன்படுத்தி, அவருக்குக் கூடுதல் இடம் ஒன்றை உருவாக்கித் தருமாறு செப்டம்பர் 30 அன்று நீதிமன்றம் ஆணையிட்டது. தேர்வில் அவர் வென்றுவிட்டார். ஒதுக்கீடும் தன் பணியைச் செய்துவிட்டது. குறைந்தது 17,500 ரூபாயும் சிறிது அவகாசமும்தான். நீதிமன்றத்தை எட்டாமலே இவ்வாறு திரும்பிப் போனவர் எத்தனை பேரோ!

இங்கேதான் நம் ஒவ்வொருவரின் கடமையும் தொடங்குகிறது. அரசுக் கல்லூரியில் பயின்ற எவருடைய படிப்பிலும், கல்லூரியையே காணாத உழைப்பாளி செலுத்திய வரியின் பங்கு இருக்கிறது. ஆகவே பெற்ற இடம் ஒரு பரிசன்று. திருப்பித் தர வேண்டிய கடன். எவ்வாறு திருப்பித் தருவது? விண்ணப்பம் நிரப்பத் தெரியாத ஒரு பிள்ளையின் அருகில் அமரலாம். சேர்க்கைக் கட்டணத்துக்கு உரிய நாளுக்குள் உதவலாம். முதலாண்டில் ஆங்கில வகுப்பைக் கண்டு மிரளும் மாணவிக்கு வாரம் இரு மணி நேரம் தரலாம். எல்லாவற்றிற்கும் மேலாக, 'நீ எந்த ஒதுக்கீட்டில் வந்தாய்?' என்று கேட்காதிருக்குமாறு நம் வீட்டுப் பிள்ளைகளைப் பழக்கலாம்.

தகுதியை என் சொத்து என்று எண்ணும்போது அதைக் காக்க வேலி போடத் தோன்றும். என்னிடம் ஒப்படைக்கப்பட்டது என்று உணரும்போது வாய்க்கால் வெட்டத் தோன்றும். இந்த ஆண்டுச் சேர்க்கைக் காலத்தில், நம் தெருவில் யார் வீட்டுப் பிள்ளை கட்டணம் கட்ட வழியின்றி நிற்கிறது என்று நாமே தேடிச் சென்று விசாரிப்போமாக.