பறிக்கும் கையும் நாடுகளின் கணக்கும்

போடிநாயக்கனூரில் விடியுமுன்னே பெண்கள் தூக்குச்சட்டியுடன் ஜீப்பில் ஏறுகின்றனர். போடிமெட்டைக் கடந்து, கேரளத்து ஏலத்தோட்டங்களில் அவர்கள் நாளெல்லாம் குனிந்து பறிக்கும் காய்கள், போடியில் ஏலம் போகின்றன; ஒரு பகுதி வளைகுடா நாடுகளையும் சென்றடைகிறது.

நாடுகளின் உறவு என்றதும் தலைவர்களும் ஒப்பந்தங்களுமே நம் நினைவுக்கு வருகின்றன. அமெரிக்க அறிஞர் சிந்தியா என்லோ 1989-இல் வெளியிட்ட நூலில், இவற்றில் பெண்கள் எங்கே என்று வினவினார். வாழைத்தோட்டப் பெண்ணின் மலிவான உழைப்பும் உலக அரசியலைத் தாங்கி நிற்பதை அவர் காட்டினார்.

ஏலக்காய்ச் சந்தையில் நமக்குப் பெரும் போட்டி குவாத்தமாலா. அங்கும் மலைச்சரிவுகளில் மாயா இனக் குடும்பங்களின் பெண்கள் காய் பறிக்கின்றனர். இரு நாடுகள் போட்டியிடுவதாகச் சொல்கிறோம். ஒருவரையொருவர் அறியாத இரு ஏழைப் பெண்களின் கூலிகளே அங்கே மோதவிடப்படுகின்றன.

மாநிலங்களின் பூசலிலும் இதுவே நிகழ்கிறது. 2011 டிசம்பரில் முல்லைப்பெரியாறு சிக்கல் முற்றியபோது, தமிழ்த் தொழிலாளர் பலர் அஞ்சி இடுக்கித் தோட்டங்களை விட்டு இறங்கினர். அணையைப் பற்றி அப்பெண்களின் கருத்தை யார் கேட்டார்? கூலியை இழந்தவர்களோ அவர்கள்.

கூலி உயர்ந்தால் வணிகம் சாயும் என்பர் சிலர். அந்த அச்சம் பொய்யன்று. ஆயினும், ஒரு தாயின் வயிற்றை இறுக்கித்தான் ஏற்றுமதி நிற்குமாயின், அதனை நாட்டின் வெற்றி எனல் தகுமா? அவளும் நாடுதானே!

பாயசத்தில் ஏலம் மணக்கையில், அன்பர்களே, பறித்த கையையும் நினைப்போம். அதற்குரிய கூலியைக் கேட்கவும் துணிவோம்.