வராதவர்களின் சந்தா

ஒருவர் தனக்குத்தானே கொடுத்துக்கொண்ட வாக்கை மீறினால், அவர் யாருக்குத் தவறிழைக்கிறார்? பிறருக்குக் கொடுத்த வாக்கைப் பற்றி நம்மிடம் நிறையப் பேச்சு உண்டு. வாங்கிய கடனைத் திருப்பிக் கொடுக்காதவரையும், கலியாணம் பேசிவிட்டுப் பின்வாங்கியவரையும் ஊர் இலேசில் மன்னிப்பதில்லை. ஆனால் “வாற தையிலிருந்து ஒவ்வொரு நாளும் நடப்பேன்” என்று மனதுக்குள் சொல்லிவிட்டு நடக்காமல் இருந்தவரை யாரும் கேள்வி கேட்பதில்லை. கேட்பதற்கு ஆளில்லை. ஏமாற்றியவரும் ஏமாந்தவரும் ஒரே ஆள்.

இந்தக் கேள்வியை எனக்குள் போட்டது என் வேலை. ஸ்காபரோவில் ஒரு உடற்பயிற்சிக்கூடத்தின் வரவேற்பு மேசையில் ஏழு வருடங்களாகப் பகுதிநேரமாக இருக்கிறேன். சேர வருபவர்களுக்குப் படிவம் கொடுப்பதும் விலக வருபவர்களிடம் படிவம் வாங்குவதும் என் அலுவல். அந்த இரண்டு படிவங்களுக்கும் இடையில் என்ன நடக்கிறது என்பதைத்தான் இவ்வளவு காலமும் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

ஜனவரியில் வாகனம் நிறுத்த இடம் கிடைக்காது. பனி உருகத் தொடங்கும் நாட்களில் இடம் தாராளமாக இருக்கும். ஆனால் அங்கத்தவர் தொகை அந்தளவுக்குக் குறைந்திருக்காது. ஆட்கள் வருவதை நிறுத்திவிடுகிறார்கள். காசு வருவது நிற்பதில்லை. மாதம் பிறந்ததும் வங்கிக் கணக்கிலிருந்து அது தன்பாட்டில் போய்க்கொண்டே இருக்கும்.

இது ஸ்காபரோவுக்கு மட்டும் உரிய கதையல்ல. ஸ்ரெபானோ டெல்லாவீன்யா, உல்ரிக்க மல்மென்டியர் என்ற இரண்டு பொருளியலாளர்கள் அமெரிக்காவின் மூன்று உடற்பயிற்சிக்கூடங்களில் 7,752 அங்கத்தவர்களின் வரவுப் பதிவுகளை எடுத்து ஆராய்ந்து, 2006இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். மாதம் 70 டொலருக்கு மேல் கட்டியவர்கள் சராசரியாக மாதத்தில் 4.3 தடவை மட்டுமே வந்திருந்தார்கள். ஒரு வருகைக்கு 17 டொலருக்கு மேல் விழுந்தது. அதே இடத்தில் பத்துத் தடவைக்கான அனுமதிச்சீட்டை வாங்கியிருந்தால் ஒரு வருகை 10 டொலரோடு முடிந்திருக்கும். இன்னொன்றையும் அவர்கள் கண்டார்கள். எந்த மாதமும் விலகலாம் என்ற சுதந்திரத்துக்காகக் கூடுதலாகக் கட்டியவர்கள்தான், ஒரு வருடத்துக்கு ஒப்பந்தம் செய்தவர்களைவிட, வருடம் கடந்தும் அங்கத்தவர்களாக நீடித்தார்கள். கடைசியாக வந்துபோன நாளுக்கும் விலகிய நாளுக்கும் இடையில் சராசரியாக இரண்டு மாதங்களுக்கு மேல் ஓடியிருந்தது. விலகும் உரிமையை விலை கொடுத்து வாங்கியவர்கள் அதைப் பாவிக்கவில்லை.

ஏன்? சோம்பல் என்பது உடனே வாயில் வருகிற பதில். வள்ளுவரும் மடியின்மை அதிகாரத்தில், கெட்டுப்போகிறவர்கள் விரும்பி ஏறும் கலமாக நான்கைச் சொல்கிறார்: தள்ளிப்போடுதல், மறதி, சோம்பல், தூக்கம். வராமலிருப்பதற்கு இந்த நான்கும் போதும். விலகாமலிருப்பதற்குப் போதாது. ஐந்து டொலர் மலிவென்று மூன்று கடை ஏறி இறங்குகிறவர்களை நமக்குத் தெரியும். கடனட்டைக் கணக்கை வரி வரியாகப் பார்த்து, தெரியாத ஒரு டொலருக்காக வங்கியோடு அரை மணித்தியாலம் கதைக்கிறவர்களையும் தெரியும். அவர்களே ஒருநாளும் வராத ஜிம்முக்கு இரண்டு வருடமாகக் காசு கட்டுகிறார்கள். மறதி என்று சொல்ல முடியாது. அவர்களுக்குத் தெரியும்.

விலகல் படிவத்தைக் கையில் எடுத்துவிட்டுத் திருப்பி வைக்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். “பிள்ளையின்ர சோதனை முடியட்டும்.” “வேலையில ஷிப்ட் மாறட்டும்.” “குளிர் போகட்டும், பாப்பம்.” அந்த நேரத்தில் அவர்கள் காசைப் பற்றி யோசிப்பதில்லை. அந்தப் படிவத்தில் கையெழுத்து வைப்பதென்றால் ஒரு தீர்ப்பில் கையெழுத்து வைப்பது. வெள்ளனவே எழும்பி, ஓடி, இரத்த அழுத்தம் குறைந்து, பேரப்பிள்ளையோடு விளையாடப் போகிற ஒரு ஆள் தனக்குள் இருக்கிறார் என்று அதுவரை நம்பியிருந்தார்கள். அப்படி ஒருவர் இல்லை என்று எழுதிக் கொடுக்க யாருக்கு மனம் வரும்? மாதச் சந்தா அந்த ஆளை உயிரோடு வைத்திருப்பதற்கான செலவு.

புலம்பெயர்ந்தவர்களுக்கு இந்தச் செலவு பழக்கமானது. ஊரில் பூட்டிக் கிடக்கும் வீட்டுக்கு வருடாவருடம் வெள்ளையடிக்க அனுப்பும் காசு, ஒருநாளும் குடியிருக்கப் போகாத காணிக்கு வேலி அடைக்கும் காசு, இரண்டு கூட்டத்துக்கு மேல் போயிராத பழைய மாணவர் சங்கத்தின் ஆயுள் சந்தா. பிரிக்காமலே அடுக்கப்பட்டிருக்கும் காலாண்டிதழ்களையும் இந்தப் பட்டியலில் சேர்க்கலாம். ஆசிரியர் கோபிக்கக் கூடாது. “விற்றுவிடலாமே” என்று பிள்ளைகள் கேட்டால் நமக்குச் சுருக்கென்கிறது. அவர்கள் காணியின் கணக்கைப் பேசுகிறார்கள். நாமோ திரும்பிப் போகக்கூடிய ஒருவராக இன்னும் இருப்பதைப் பேசுகிறோம்.

இதை முட்டாள்தனம் என்று ஒதுக்கிவிட முடியாது. நல்லது எதுவென்று தெரிந்தும் அதைச் செய்யாதவனை, தான் செய்வதே சரியென்று வருத்தமில்லாமல் வாழ்கிறவனிடமிருந்து அரிஸ்ரோட்டில் பிரித்துப் பார்த்தார். முதலாமவனுக்கு மருந்து உண்டு, ஏனென்றால் அவனிடம் வருத்தம் இருக்கிறது என்பது அவர் வாதம். அப்படிப் பார்த்தால் விலகாமல் காசு கட்டுகிறவர் நல்லதற்கு இன்னும் மரியாதை கொடுக்கிறவர். ஆனால் என் மேசையிலிருந்து பார்க்கும்போது ஒரு சிக்கல் தெரிகிறது. மருந்தாக இருக்க வேண்டிய அந்த வருத்தத்தையே சந்தா தணித்துவிடுகிறது. காசு போகிறது, ஆகவே ஏதோ நடக்கிறது என்று மனம் அமைதியாகிவிடுகிறது. கட்டணம் செயலின் இடத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறது. ஊர்க் காணிக்கும் இது பொருந்தும். வேலிக்குக் காசு அனுப்பிய வருடத்தில் ஊருக்கு ஒரு தொலைபேசி அழைப்புக்கூட எடுக்காமல் இருந்துவிட முடிகிறது.

தொடங்கிய கேள்விக்கு வருகிறேன். தொமஸ் ஹொப்ஸ் 1651இல் வெளியான ‘லெவியாதன்’ நூலில் இதற்கு ஈவிரக்கமில்லாத ஒரு பதில் வைத்திருக்கிறார். கட்டியவருக்கு அவிழ்க்கவும் உரிமை உண்டு. ஆகவே தனக்கு மட்டும் கட்டுப்பட்டவர் உண்மையில் எதற்கும் கட்டுப்பட்டவரல்ல. எனக்கு நான் கொடுத்த வாக்கிலிருந்து என்னை நானே விடுவிக்கலாம், அதுவும் கட்டிலில் படுத்தபடியே.

மனிதர்கள் இதை ஹொப்ஸுக்கு வெகுகாலம் முன்பே அறிந்திருந்தார்கள். ஹோமரின் காவியத்தில் ஒடிசியஸ் மயக்கும் பாடலைக் கேட்கவும் வேண்டும், சாகவும் கூடாது. தன் மனவுறுதியை அவன் நம்பவில்லை. தோழர்களின் காதுகளை மெழுகால் அடைத்து, தன்னைப் பாய்மரத்தில் கட்டச் சொல்கிறான். அவிழ்க்கச் சொல்லிக் கெஞ்சினால் இன்னும் இறுக்கிக் கட்டுங்கள் என்கிறான். ஜிம்மில் சேருகிறவர் செய்ய நினைப்பதும் இதைத்தான். தனக்குக் கொடுத்த வாக்குக்கு வெளியிலிருந்து ஒரு சாட்சி தேடுகிறார். ஒப்பந்தம், கையெழுத்து, மாதம் மாதம் வெட்டுப்படும் காசு எல்லாம் கயிறுகள்.

ஆனால் யாரிடம் கயிற்றைக் கொடுக்கிறார் என்பதைக் கவனிக்க வேண்டும். ஒடிசியஸின் தோழர்கள் அதே கப்பலில் இருந்தார்கள். அவன் கெட்டால் அவர்களுக்கும் கேடு. உடற்பயிற்சிக்கூடமோ அப்படியல்ல. நீங்கள் வராவிட்டால் அதற்கு நட்டமில்லை. பட்டை தேயாது, தண்ணீர்ச் செலவில்லை, காசு மட்டும் வரும். அங்கத்தவர்கள் எல்லோரும் ஒரே மாலையில் வந்தால் எங்களிடம் நிற்க இடமிருக்காது. வராதவர்கள் கட்டுவதால்தான் வருகிறவர்களுக்குக் கட்டணம் மலிவாக இருக்கிறது. என் சம்பளத்திலும் அவர்களின் காசு இருக்கிறது. நாம் வாக்கை மீறும்போது இலாபமடையும் ஒருவரையே அந்த வாக்குக்குச் சாட்சியாக வைத்திருக்கிறோம். அவர் கெட்டவராக இருக்கத் தேவையில்லை. சும்மா இருந்தாலே போதும்.

சட்டம் இதை ஓரளவு அறியும். ஒன்ராறியோவின் 2002ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், இப்படியான ஒப்பந்தத்திலிருந்து காரணம் சொல்லாமலே விலகுவதற்கு 10 நாள் அவகாசம் கொடுக்கிறது. ஒரு வருடத்துக்கு மேற்பட்ட காலத்துக்கு அங்கத்துவம் விற்கவும் விடுவதில்லை. அமெரிக்காவில், சேருவது எவ்வளவு சுலபமோ விலகுவதும் அவ்வளவு சுலபமாக இருக்க வேண்டும் என்று மத்திய வர்த்தக ஆணையம் 2024 ஒக்ரோபரில் ஒரு விதி கொண்டுவந்தது. விதியை உருவாக்கிய நடைமுறையில் குறை கண்ட மேன்முறையீட்டு நீதிமன்றம் 2025 யூலையில் அதை இரத்துச் செய்தது. இப்படியான சட்டங்கள் வேண்டும். ஆனால் அவை கதவைத் திறந்து வைக்கத்தான் முடியும். திறந்த கதவுக்கு முன்னால் படிவத்தைத் திருப்பி வைக்கிறவரைச் சட்டம் தொட முடியாது.

சரியான சாட்சி எப்படியிருக்கும் என்பதை நம் ஆட்களுக்குச் சொல்லிக் கொடுக்கத் தேவையில்லை. இந்த நகரத்தில் எத்தனை வீடுகள் சீட்டுக் காசில் எழும்பின! அதுவும் மாதம் மாதம் கட்டுவதுதான். ஆனால் சீட்டில் நான் கட்டாவிட்டால் இன்னொருவரின் முறை பிழைக்கும். அவரை நான் கோயிலில் காண வேண்டும், பிறந்தநாள் விழாவில் காண வேண்டும். தனியாகச் சேமிக்கத் தெரியாத பலர் சீட்டில் ஒரு மாதமும் தவறவிட்டதில்லை. அவர்களுக்கு மனவுறுதி கூடவில்லை. காத்திருக்கிற முகங்கள் இருந்தன.

எங்கள் நீச்சல் தடாகத்தில் நீருக்குள் உடற்பயிற்சி செய்யும் வகுப்பொன்று நடக்கிறது. அறுபது வயது தாண்டிய ஆறு அம்மாமார் கிழமையில் மூன்று நாள் வருவார்கள். பனிப்புயல் நாளிலும் ஒரே காரில் நெருக்கியடித்துக்கொண்டு வருவார்கள். ஒருத்தரைக் காணாவிட்டால் உடை மாற்றும் அறையிலிருந்தே தொலைபேசி போகும்: “என்னடி, ஏன் வரேல்ல?” அவர்கள் உடல்நலம் பற்றிக் கதைத்து நான் கேட்டதேயில்லை. மருமகளைப் பற்றியும் மரக்கறி விலையைப் பற்றியுந்தான் கதை. நான் பார்த்தவரையில் ஜிம்மில் நிலைத்தவர்களில் கனபேர் இப்படித்தான் நிலைத்தார்கள். வராவிட்டால் கேட்பதற்கு ஒருவர் இருந்தார்.

அதற்காக விலகுவது தோல்வி என்று நான் சொல்லவில்லை. போன வருடம் ஒரு அம்மா இறந்துபோன கணவரின் அங்கத்துவத்தை நிறுத்த வந்தார். அவர் காலமாகி எட்டு மாதம். அதுவரை காசு போய்க்கொண்டிருந்தது. தெரியாமல் போயிருக்கும் என்று நினைத்தேன். “தெரியும் தம்பி,” என்றார். “ஒவ்வொரு மாசமும் அந்தக் காசு வெட்டுப்படேக்க, அவர் இன்னும் இஞ்ச வந்து போற மாதிரி இருந்தது. அதுதான் விட்டனான்.” பிறகு, அவர் எந்த இயந்திரத்தில் நடக்கிறவர் என்று கேட்டார். யன்னலோரம் இருந்த ட்ரெட்மில்லைக் காட்டினேன். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு வந்து, பேனை கேட்டு, கையெழுத்து வைத்தார்.

அந்த எட்டு மாதக் காசை வீண் என்று எந்தக் கணக்கில் எழுதுவது? அவருக்கு அது தேவைப்பட்டது. பிறகு ஒருநாள் தேவைப்படாமல் போனது, அல்லது அது இல்லாமல் இருக்கலாம் என்று தீர்மானித்தார். கையெழுத்தை வைத்தபோது அவர் கணவரைக் கைவிடவில்லை. ஒரு பாவனையை நிறுத்தினார், அவ்வளவுதான். நம் விலகல்களில் சிலவும் இப்படியானவை. ஓடப்போகிற அந்த ஆள் நான் இல்லை என்று ஒப்புக்கொண்டவர், மறுநாள் பூங்காவைச் சுற்றி இருபது நிமிடம் நடக்கிற வேறொரு ஆளாக ஆகலாம். ஊர்க் காணியைத் தங்கைக்கு எழுதிக் கொடுத்தவர், அதன் பிறகு வேலிக் கணக்கில்லாமல் அவளோடு மனம்விட்டுக் கதைக்கலாம்.

எனவே படிவத்தோடு தயங்கி நிற்பவர்களிடம் இப்போது நான் வற்புறுத்திப் பேசுவதில்லை, நிற்கவும் சொல்வதில்லை, போகவும் சொல்வதில்லை. ஒன்று மட்டும் கேட்பேன்: “நீங்கள் வராவிட்டால் இஞ்ச ஆராவது தேடுவினமா?” சிலர் சிரித்துக்கொண்டே கையெழுத்து வைக்கிறார்கள். சிலர் கொஞ்சம் யோசித்துவிட்டு, அந்த அம்மாமாரின் வகுப்பு எத்தனை மணிக்கு என்று கேட்கிறார்கள்.