எல்லைக்கல்லும் காக்கிச் சட்டையும்

வேலியோரத்தில் ஒரு முழம் மண்! அதற்காக, நேற்றுவரை நெருப்பும் மோரும் கேட்டு வாங்கி வாழ்ந்த இரு வீட்டார் இன்று முகம் பார்க்க மறுக்கின்றனர். ஒருவர் கல்லைப் பிடுங்குகிறார். மற்றவர் காவல் நிலையத்துக்கு ஓடுகிறார். அங்கே அவர் கேட்பது நீதியா? அல்ல. "அவனைக் கூப்பிட்டு நாலு அதட்டு அதட்டுங்கள், ஐயா" என்பதே அவர் வேண்டுகோள்.

தோழர்களே, இந்த வேண்டுகோளைத்தான் நாம் ஆராய வேண்டும். அதட்டினால் நிலத்தின் அளவு மாறுமா? நிலம் எவருடையது என்பது உண்மை பற்றிய கேள்வி. உண்மையைக் காட்டுவது சான்று; தடி அன்று. பத்திரமும் பட்டாவும் புலப்படமும் சொல்ல வேண்டிய விடையை லத்தியிடம் கேட்பது, காய்ச்சலுக்கு மருத்துவரை விட்டுப் பூசாரியைத் தேடுவது போன்றதே.

சட்டம் என்ன சொல்கிறது? தமிழ்நாட்டில், 1923ஆம் ஆண்டின் நில அளவை மற்றும் எல்லைகள் சட்டப்படி, எல்லையை அளந்து காட்டுவது நில அளவைத் துறையின் பொறுப்பு. அதன் முடிவில் குறை கண்டவர், அறிவிக்கை வந்த மூன்று ஆண்டுகளுக்குள் உரிமையியல் நீதிமன்றம் செல்லலாம். அமைதி குலையும் நிலை வந்தால், 2024 ஜூலை முதல் நடப்பிலுள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 164ஆம் பிரிவின்கீழ் நிர்வாக நடுவர் விசாரிக்கலாம். அவரும் 'இப்போது அனுபவத்தில் இருப்பவர் யார்?' என்று மட்டுமே பார்ப்பார், 'உரியவர் யார்?' என்று தீர்ப்பளிக்கமாட்டார். நடுவருக்கே இல்லாத அதிகாரம் காவல் ஆய்வாளருக்கு எங்கிருந்து வந்தது?

எனினும் நடப்பது என்ன? இருவரையும் மேசைமுன் நிறுத்தி, எளியவரிடம் வெள்ளைத்தாளில் எழுதி வாங்கும் கட்டப்பஞ்சாயத்து இன்னும் ஒழிந்தபாடில்லை. அன்று ஆலமரத்தடியில் பண்ணையாரின் உறவினர் வென்றார். இன்று காவல் நிலையத்தில் செல்வாக்குள்ளவர் வெல்கிறார். இடம் மாறியது, முறை மாறவில்லை.

அப்படியானால் காவலர் கைகட்டி நிற்பதா? இல்லை! ஓங்கிய அரிவாளைத் தடுப்பது அவர் கடமை. அத்துமீறி நுழைவதும், அரசு நட்ட எல்லைக்கல்லைப் பெயர்ப்பதும் குற்றங்கள். பட்டியல் சாதியினர், பழங்குடியினரின் நிலத்தைப் பிறர் முறைகேடாகப் பறிப்பது, 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். அந்த ஏழை புகாரோடு வரும்போது மட்டும், "இது சிவில் விவகாரம்" என்று கதவடைப்பது கடமை தவறிய செயல். நுழையக் கூடாத இடத்தில் நுழைவதும், நுழைய வேண்டிய இடத்தில் ஒதுங்குவதும் ஒரே அநீதியின் இரு முகங்கள்.

"நீதிமன்றத்தில் ஆண்டுகள் கரைகின்றனவே, என் செய்வது?" என்பார்கள். மெய்தான், அந்தத் தாமதம் கொடுமையே. ஆனால் வழி இல்லாமல் இல்லை. வலுவந்தமாக வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதங்களுக்குள் வழக்கிட்டால், உரிமையை மெய்ப்பிக்காமலே அனுபவத்தை மீட்கலாம் என்கிறது 1963ஆம் ஆண்டின் குறித்தவகைத் தீர்வுச் சட்டம். தாமதத்தைக் குறைக்கப் போராடுவோம். அதற்காக அச்சத்தை நீதிபதியாக்க வேண்டாம். இன்று நமக்காக அடுத்த வீட்டாரை அதட்டிய குரல், நாளை அவருக்காக நம்மை அதட்டும். அப்போது எந்த முகத்தோடு நாம் நியாயம் கேட்போம்?

இளைஞர்களே, உங்கள் தெருவில் எல்லைச் சண்டை எழுந்தால், இரு வீட்டாரையும் உட்கார வைத்துப் பட்டாவையும் புலப்படத்தையும் படித்துக் காட்டுங்கள். அளவைக்கு மனு எழுதிக் கொடுங்கள். அளக்கும் நாளில் இருவரும் அருகில் நிற்கச் செய்யுங்கள். அளவுச் சங்கிலிக்குச் சாதி தெரியாது, செல்வாக்குத் தெரியாது. அதன்முன் இருவரும் சமமாக நிற்கட்டும். மானமுள்ள மனிதர் தம் வழக்கைத் தீர்த்துக்கொள்ளும் முறை அதுவே.